கொல்லையைச் சும்மா விட்டால் காடு வருமா?

9.6.2024 – வாசகர் ஒருவரின் கேள்வி

கடலூரிலும் புதுச்சேரியிலும் ஆளாளுக்கு மரம் நடுகிறார்கள். குழி, கன்று, கூண்டு, பெயர்ப்பலகை, புகைப்படம். அடுத்த சித்திரையில் போய்ப் பார்த்தால் பலகை மட்டும் நிற்கிறது. பயிர் வைக்க ஆளில்லாத நிலத்தை அப்படியே விட்டுவிட்டால் என்ன? மனிதன் கையை எடுத்தால் போதும், காடு தானே வரும். இங்கிலாந்தில் ஒரு பண்ணையில் அப்படித்தான் செய்தார்கள். நடுவது நம் ஆணவம். மறுப்பவர்கள் சொல்லுங்கள்.

10.6.2024

மறுக்கிறேன். கையை எடுத்துப் பார்த்தவன் நான்.

எங்களுக்குப் பண்ருட்டிக்குக் கிழக்கே செம்மண் மேட்டில் இரண்டு காணி முந்திரிக் கொல்லை. ஏக்கரில் சொன்னால் இரண்டரைக்குச் சற்று மேல். 2011 டிசம்பர் 30 காலை தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் நடுவே கரையேறியபோது அறுபத்து மூன்று மரங்களில் ஐம்பத்தெட்டு சாய்ந்தன. மறுநாள் அப்பாவோடு போனேன். மரங்கள் எல்லாம் ஒரே பக்கமாகப் படுத்திருந்தன, யாரோ கையால் தடவிவிட்டதுபோல. அப்பா ஒரு மரத்தின் அடிவேரில் ஒட்டியிருந்த மண்ணைத் தட்டிவிட்டுக்கொண்டே இருந்தார். மறுபடி கன்று வைக்கவில்லை. 2013இல் போய்ச் சேர்ந்தார்.

அதன்பின் ஐந்து வருடம் உழவில்லை, விதைக்கவில்லை, எட்டிக்கூடப் பார்க்கவில்லை. வந்தது சீமைக்கருவேலம். அதைத் தவிர ஒன்றும் வரவில்லை. இதைக் காடு என்று அழைக்க உங்களுக்கு விருப்பமென்றால் அழைத்துக்கொள்ளுங்கள். உள்ளே நுழைந்து கிழியாத வேட்டியோடு வெளியே வந்து பேசுங்கள்.

10.6.2024, இரவு

காலையில் எழுதியதில் கோபம் அதிகம். காரணம் இருக்கிறது. 2018இல் நானும் நானூறு கன்று நட்டேன். வேம்பு, புங்கம், நாவல், நர்சரிக்காரர் பேச்சைக் கேட்டு மகாகனி. அந்த ஆண்டு ஐப்பசி மழை ஏமாற்றியது, 2019 கோடை பழிவாங்கியது. டிராக்டரில் தண்ணீர் கொண்டுபோய் ஊற்றினேன். 2020இல் எண்ணிப் பார்த்தபோது எழுபத்தொன்று உயிரோடு இருந்தன. ஆக, "பலகை மட்டும் நிற்கிறது" என்ற வரி என்னையும் குத்தியது. பலகை வைக்கவில்லை என்பது ஒன்றுதான் என் பெருமை.

14.6.2024

ஒரு திருத்தம். "ஒன்றும் வரவில்லை" என்று எழுதியது பொய். வேண்டுமென்று சொன்ன பொய் இல்லை, பார்க்காமல் சொன்ன பொய்.

நேற்றுப் போயிருந்தேன். வடக்கு வரப்பில் மூன்று பனைகள் இருக்கின்றன. தாத்தா காலத்தவை, புயல் அவற்றை ஒன்றும் செய்யவில்லை. நடுப்பனையின் அடியில் குனிந்து பார்த்தேன். பனையைச் சுற்றி நான்கு முழத்துக்குள் வேப்பங்கன்று பதினொன்று, முழங்கால் உயரத்தில் ஒரு களாச்செடி, சூரை முள், இலை பளபளக்கும் ஒரு காரை, எலுமிச்சைபோல ஒரு கன்று. நான் ஒன்றையும் நடவில்லை. மேலே காய்ந்த மட்டையில் சின்னான் குருவி இரண்டு உட்கார்ந்து எச்சமிட்டுக்கொண்டிருந்தன. எச்சம் விழுந்த இடத்தில் கொட்டை, கொட்டை விழுந்த இடத்தில் கன்று. நான் டிராக்டர் தண்ணீருக்குக் கொடுத்த பணத்தை நினைத்துக்கொண்டேன்.

கேள்வி கேட்டவர் இதைப் படித்துச் சிரிக்கட்டும். ஆனால் ஒன்று கவனியுங்கள்: பனைக்கடியில் மட்டும்தான். பத்தடி தள்ளினால் கருவேல முள்.

15.6.2024

ஏன் பனைக்கடியில் மட்டும்? மூன்று காரணம் தோன்றுகிறது. பறவை உட்கார உயரமான இடம் வேண்டும்; வெட்டவெளிக்கு நடுவே எச்சமிட அதற்கு என்ன வேண்டுதலா? உதிர்ந்த மட்டைகள் குவிந்து ஈரம் காத்தன. அதே மட்டைக் குவியலின் கருக்கு ஆட்டை உள்ளே விடவில்லை. மூன்றில் எது முக்கியம் என்று என்னைக் கேட்டால் ஆடு என்பேன். அதற்குப் பிறகு வருகிறேன்.

17.6.2024

"எலுமிச்சைபோல ஒரு கன்று" பற்றி: புதுச்சேரியிலிருந்து ஒருவர், இலையைக் கசக்கி மோந்து பாருங்கள், எலுமிச்சை இல்லை, குருந்து என்று எழுதியிருக்கிறார். கசக்கினேன். அவர் சொன்னதுதான் சரி. மாணிக்கவாசகர் குருந்த மரத்தடியில் ஞானம் பெற்றார். நான் திருத்தம் பெற்றேன்.

வெட்கமாகத்தான் இருக்கிறது. காயாம்பூ வண்ணன் என்று பெருமாளைப் பாடக் கேட்டே வளர்ந்தவன். காயா என்ற புதரை முதன்முதலில் நேரில் பார்த்தது நாற்பத்து மூன்றாவது வயதில். தண்டை ஒட்டிக் கொத்துக் கொத்தாக நீலம். திருப்பாதிரிப்புலியூர் ரயில் நிலையத்தில் ஆயிரம் முறை இறங்கியிருக்கிறேன். பாதிரி என்பது ஒரு மரம், அந்தக் கோயிலின் தலவிருட்சம் என்று தெரியும். தெருவில் நின்றால் அடையாளம் காட்டத் தெரியாது. சிதம்பரத்துக்கே தில்லை என்று பெயர். தில்லை மரத்தைப் பார்க்கப் பிச்சாவரத்துக்குப் படகேற வேண்டும். ஊர்ப்பெயரில் இருக்கிற காட்டை ஊரில் தேடிப் பயனில்லை.

22.6.2024

"எந்தக் காடு வர வேண்டும் என்கிறீர்கள்?" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். இதுவரை வந்ததில் நல்ல கேள்வி.

நம் கரையோர மேட்டுக்கு உரிய காடு, உலர் பசுமைமாறாக் காடு. மலைக்காடுபோல் உயராது. குட்டையாக, நெருக்கமாக, கோடையிலும் இலை உதிர்க்காமல் கரும்பச்சையாக நிற்கும். காயா, வீரை, பாலை, கருங்காலி வகைகள், குருந்து, இடையில் கொடிகள். சோழமண்டலக் கரை முழுவதும் இருந்த இது இன்று துண்டு துண்டாக, பெரும்பாலும் கோயில்காடுகளாக மிஞ்சியிருக்கிறது. பார்க்க வேண்டுமென்றால் புதுச்சேரியிலிருந்து மரக்காணம் போகும் கிழக்குக் கடற்கரைச் சாலையில் கீழ்ப்புத்துப்பட்டில் இறங்குங்கள். மஞ்சனீஸ்வரர் அய்யனார் கோயிலைச் சுற்றி இருக்கிறது. அய்யனாரின் குதிரைகள் காவல் காத்த அளவுக்கு எந்தக் கம்பிவேலியும் காத்ததில்லை.

நம் புலவர்களையும் குறை சொல்ல வேண்டும். காட்டை அழித்து நாடாக்கினான் என்றுதான் அரசனைப் புகழ்ந்தார்கள். நாட்டைக் காடாக்கினான் என்று பாடினால் அது பகைவர் நாட்டை அழித்த கதை.

23.6.2024

ஆரோவிலைச் சொல்லாமல் விட்டது ஏன் என்று மூன்று பேர். விடவில்லை, இப்போது சொல்கிறேன். 1968இல் அது தொடங்கியபோது அந்த மேடு மொட்டைச் செம்மண். மழை பெய்தால் மண்ணைப் பறித்துக்கொண்டு நீர் கடலுக்கு ஓடும். அந்தப் பள்ளங்கள் இன்றும் இருக்கின்றன. அங்கே காடு வந்தது சும்மா விட்டதால் இல்லை. வரப்புப் போட்டு நீரை நிறுத்தினார்கள். ஆடு மாடு வராமல் காத்தார்கள். வேகமாக வளரும் வெளிநாட்டு அகேசியாவை முதலில் வைத்து, அதன் நிழலில் நம் மரங்களைக் கொண்டுவந்தார்கள். அகேசியா இன்றும் விதை பரப்பிக்கொண்டுதான் இருக்கிறது. தானே புயலில் அங்கேயும் பெருமளவு மரங்கள் விழுந்தன. அகேசியா, வேலைக்கு வந்த ஆள் வீட்டோடு தங்கிவிட்ட கதை. இருந்தாலும் அந்த ஆள் வராவிட்டால் வீடே இல்லை.

2.7.2024

ஆடு.

பக்கத்துத் தெருப் பெரியவர் ஒருவர் இருபத்தைந்து ஆடு வைத்திருக்கிறார். சொந்தமாக ஒரு குழி நிலம் கிடையாது. என் கொல்லைதான் அவர் மேய்ச்சல். ஆடு என்ன தின்னும்? வேப்பங்கொழுந்து, களா, நாவல், புல் எல்லாம். என்ன தின்னாது? சீமைக்கருவேல இலை. ஆனால் கோடையில் பழுத்து விழும் அதன் நெற்றை விரும்பித் தின்னும், இனிப்பு. உள்ளே இருக்கும் விதை செரிக்காமல் புழுக்கையோடு வெளியே வரும், எருவோடு சேர்த்தே விதைத்ததுபோல. போட்டியாக முளைத்ததையெல்லாம் ஆடே தின்று தீர்க்கும். ஆக ஆடு மேயும் தரிசைச் "சும்மா விடுவது" என்பது சீமைக்கருவேலத்துக்குப் பட்டா எழுதிக் கொடுப்பது.

இதை எழுதிவிட்டு மணி பத்துக்குப் படுத்தேன். பதினொன்றுக்கு எழுந்து உட்கார்ந்தேன். 2018இல் கன்று நடுவதற்கு முன், மண் வளமாகட்டும் என்று ஆனி மாதத்தில் பத்து இரவு இருநூறு ஆடு கிடை போட்டேன். இரவுக்கு இவ்வளவு என்று பேசி, கையில் பணம் எண்ணிக் கொடுத்து.

6.7.2024

போய்ப் பார்த்துவிட்டேன். தெற்குப் பாதியில் கருவேலம் மண்டியிருக்கும் இடம் ஏறத்தாழச் சதுரம். கிடை மறித்த படல் இருந்த இடம். ஒரு மூலை கொஞ்சம் மழுங்கியிருக்கிறது. அங்கேதான் கிடைக்காரர் கட்டில் போட்டுப் படுத்திருந்தார்.

ஆறு வருடமாக அந்த முள்ளைப் பார்த்துப் பக்கத்துக் கொல்லைக்காரரைத் திட்டியிருக்கிறேன்.

9.7.2024

வெட்டினால் போகாது என்று எழுதியவருக்கு: ஆமாம், ஒன்றை வெட்டினால் ஐந்தாகத் துளிர்க்கும். விரல் பருமன் இருக்கும்போது, நல்ல மழைக்கு மறுநாள், ஈர மண்ணில் கையால் பிடுங்கலாம். மணிக்கட்டுப் பருமன் என்றால் கடப்பாரை. தொடைப் பருமன் என்றால் பொக்லைன். பொக்லைன் வந்தால் பனைக்கடிக் கன்றும் போகும். நான் கடப்பாரையோடு நிறுத்திக்கொண்டேன்.

28.7.2024

இங்கிலாந்துப் பண்ணை. நெப் என்று பெயர், வெஸ்ட் சசெக்ஸில் 3500 ஏக்கர். களிமண்ணில் விவசாயம் கட்டுப்படியாகாமல் 2001 முதல் விலகினார்கள். இராப்பாடி (நைட்டிங்கேல்) குருவிகளும் டர்ட்டில் டவ் என்ற காட்டுப்புறாக்களும் திரும்பின என்பதெல்லாம் உண்மை. ஆனால் அங்கே உள்வேலியை எடுத்துவிட்டு மாடு, மட்டக்குதிரை, பன்றி ஆகியவற்றை எண்ணி விட்டார்கள்; பெருகினால் குறைத்து இறைச்சியாக விற்கிறார்கள். அவர்கள் ஊரில் மேய்ச்சல் இல்லாவிட்டால் நிலம் மூடிக்கொள்கிறது, எனவே மேய்ப்பைக் கொண்டுவந்தார்கள். நம் ஊரில் மேய்ச்சல் மிகுந்து, முள் மண்டி, நிலம் திறக்கவே மாட்டேன் என்கிறது. நெதர்லாந்தில் உண்மையாகவே கையைக் கட்டிக்கொண்டிருந்த ஒரு சதுப்பு நிலத்தில் 2017–18 குளிர்காலத்தில் மூவாயிரத்துக்கும் மேற்பட்ட மாடு, குதிரை, மான்கள் பட்டினியாலும், இனித் தேறாது என்று சுடப்பட்டும் செத்தன. வேலிக்குள் அடைத்துவிட்டு இயற்கை என்றால் எப்படி?

11.8.2024

மியாவாகி என்ற ஜப்பானிய நெருக்க நடவு பற்றிக் கேட்காதீர்கள். சரி, கேட்டுவிட்டீர்கள். சதுர மீட்டருக்கு மூன்று நான்கு கன்று, இரண்டு மூன்று வருடம் தண்ணீர். பள்ளிக்கூட மூலைக்கு அழகு. இரண்டு காணிக்குக் கணக்குப் போட்டேன், நாற்பதாயிரம் கன்று தாண்டியது. பென்சிலைக் கீழே வைத்தேன்.

19.8.2024

இதைச் சொல்லலாமா என்று ஒரு வாரமாக யோசித்தேன்.

2018இல் குழி தோண்டிய அன்று, மேற்கு மூலையில் சரளைக்கல் பரப்பின் மேல் ஆட்காட்டிக் குருவி ஒன்று தலைக்கு மேல் சுற்றிச் சுற்றிக் கத்தியது. நான் அதைப் பார்த்துச் சிரித்தேன், புதுக்காட்டுக்குக் கட்டியம் கூறுகிறது என்று வேலையாட்களிடம் சொன்னேன். மாலையில் ஒரு பெண் கூப்பிட்டுக் காட்டினார். வரிசைக்காகக் கயிறு பிடித்த கோட்டில், சரளையோடு சரளையாகப் புள்ளி போட்ட முட்டைகள். நான்கில் மூன்று உடைந்திருந்தன. கூடு என்று ஒன்றும் கிடையாது. சுற்றிப் பொறுக்கி வைத்த சின்னக் கற்கள் அவ்வளவுதான். நான்காவதை அவர் தொடாமல் கூடையைக் கவிழ்த்து மூடி, ஆட்கள் போனபின் எடுத்துவிட்டார். அது பொரித்ததா தெரியாது.

வெட்டவெளியும் ஓர் உயிரின் வீடுதான். ஆட்காட்டி, கௌதாரி இவற்றுக்கு மரம் அடர்ந்த நிலம் ஆகாது. அடங்கல் பதிவேட்டில் "தரிசு" என்று எழுதியிருப்பதால் காலி நிலம் என்று நானும் நம்பிவிட்டேன். நானூறு கன்று நட்டேன் என்று 10.6 அன்று எழுதிய ஆளும் இவனும் ஒருவனே.

1.9.2024

பெரியவரோடு பேசினேன். ஆட்டை நிறுத்துங்கள் மாமா, முள்வேலி போடப்போகிறேன் என்றேன். "போடு தம்பி. உனக்கு மாதச் சம்பளம் வருகிறது, உன் கொல்லை சும்மா கிடக்கலாம். என் ஆடு சும்மா கிடக்குமா?" என்றார். பதில் சொல்லத் தெரியவில்லை. கேள்வி கேட்ட நண்பர், "ஆளில்லாத நிலம்" என்று எழுதினீர்களே, அதற்கும் இதுதான் பதில். ஆளில்லை என்பது பட்டாவில்.

8.9.2024

பேச்சு முடிந்தது. கிழக்குப் பாதி திறந்தே இருக்கும், ஆடு மேயலாம். மேற்கே அந்தச் சரளை மூலையும் திறந்தே. நடுவிலும் வடக்கிலும் இலந்தை முள் படல். கருவேலம் தோண்டியெடுத்தால் விறகு முழுவதும் அவருக்கு. நெற்று விழும் கோடை மாதங்களில் கருவேலம் காய்க்கும் பக்கம் ஆடு போகக் கூடாது என்றேன். "நெற்றைப் பொறுக்கி வீட்டில் இடித்துப் போடுகிறேன், விதை உடைந்துவிடும்" என்றார். இதை எனக்கு இருபது வருடம் முன்பே யாராவது சொல்லியிருக்கலாம்.

20.10.2024

பிச்சாவரம் போய் வந்தேன், மகன் பிறந்தநாள். படகோட்டி தில்லை மரத்தைக் காட்டி, அதன் பால் கண்ணில் பட்டால் பார்வை போய்விடும் என்று மகனை மிரட்டினார். இந்த இழைக்குத் தேவையான செய்தி வேறு. அங்கே முன்பு வரிசையாகக் காட்டை வெட்டிய இடங்களில் மண் தாழ்ந்து தொட்டியாகிவிட்டது. உள்ளே வந்த கடல்நீர் வெளியேறாமல் காய்ந்து உப்பு ஏறி, எதை நட்டாலும் பிழைக்கவில்லை. எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் சேர்ந்து மீன்முள் வடிவில் வாய்க்கால் வெட்டின. நடுவே ஒன்று, இருபக்கமும் சாய்வாகக் கிளைகள். ஓதம் உள்ளே போய் வெளியே வரத் தொடங்கியது. நட்ட கன்று பிழைத்தது, நடாததும் வந்தது. 2004 சுனாமியில் அலையாத்திக் காட்டின் பின்னால் இருந்த ஊர்கள் தப்பியதை நம் பக்கத்தில் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. 2022இல் உலக ஈரநிலங்களின் ராம்சர் பட்டியலிலும் சேர்ந்துவிட்டது.

அங்கே தடை உப்பு. என் கொல்லையில் தடை முள்ளும் ஆடும், ஓடிப்போகும் மழைநீரும். நடுவதா விடுவதா என்று நான்கு மாதமாகச் சண்டை போட்டோமே, எது தடுக்கிறது என்று முதலில் கேட்டிருக்க வேண்டும்.

27.10.2024

வடமேற்குச் சரிவில் மழைக்கு முன் முழங்கால் உயரத்துக்கு மண்வரப்புப் போட்டாயிற்று. கன்று ஒன்றும் நடவில்லை. நான்கு இடத்தில் பறவை உட்காரக் கிளையோடு கூடிய முருங்கைப் போத்தும் பூவரசம் போத்தும் ஊன்றினேன். செலவு: ஒரு டீ.

4.12.2024

மின்சாரம் இன்றுதான் வந்தது. ஃபெஞ்சல் புயல் புதுச்சேரியில் ஒரே நாளில் 48 சென்டிமீட்டர் கொட்டியது. தென்பெண்ணை ஊருக்குள் வந்துவிட்டது, மாமியார் வீட்டில் இடுப்பளவு தண்ணீர், எல்லோரும் பத்திரம். கொல்லையை யார் பார்த்தார்கள்.

15.12.2024

பார்த்தேன். வரப்பு இரண்டு இடத்தில் உடைந்தது, மற்றபடி நின்றது. பின்னால் குழம்பாகச் செவ்வண்டல் நான்கு விரல் கனம். நான் நட்ட வேம்பு இரண்டு சாய்ந்தன. கேள்வி கேட்டவர் துள்ள வேண்டாம், பனையோரம் தானாக வந்து இரண்டாள் உயரம் வளர்ந்திருந்த வேம்பும் சாய்ந்தது. புயலுக்கு யார் நட்டார்கள் என்பது தெரியாது. ஊன்றிய போத்து நான்கில் ஒன்று அழுகல், ஒன்று எங்கே போனதென்றே தெரியவில்லை.

பக்கத்துக் கொல்லைக்காரருக்கு மல்லாட்டை (நிலக்கடலை) போய்விட்டது. அதற்கு முன்பே மயில் கிளறியதாகவும், மயில் என் முள்ளில் தங்குவதாகவும் சண்டை. மயில் எனக்கு முன்பே இருந்தது என்று வாதாடிப் பார்த்தேன். அவர் மூட்டை கணக்குச் சொன்னார், நான் வாயை மூடினேன். விதைக்கும் நாட்களில் விடியலில் போய் விரட்டுவது என் பொறுப்பு என்று ஒத்துக்கொண்டிருக்கிறேன். காட்டைத் திரும்பக் கொண்டுவருகிறேன் என்று தொடங்கியவனுக்குக் கிடைத்த வேலை, தகரம் தட்டி மயில் விரட்டுவது.

16.2.2025

உட்கார்ந்து எண்ணினேன். எஞ்சியிருக்கும் ஒரு பூவரசம் போத்தின் அடியில் இரண்டு வேம்பு, ஒரு சூரை, பெயர் தெரியாத ஒரு விதை இலை. எல்லாம் இரண்டு இலைக் குஞ்சு. சாய்ந்த வேம்பை வெட்டாமல் விட்டிருக்கிறேன், அதன் கிளைக்குள் களா ஒன்று. படலுக்குள் புல் முழங்காலைத் தொடுகிறது. கிடைச் சதுரத்தில் மூன்றில் ஒரு பங்கு தோண்டியாயிற்று. பெரியவர் வீட்டு வாசலில் விறகு அடுக்கியிருக்கிறது.

காயாவோ வீரையோ ஒன்றுகூட வரவில்லை. அவற்றைத் தின்று கொண்டுவரும் பறவைக்குப் பக்கத்தில் அந்த மரம் எதுவும் இல்லை. அதை மட்டும் நான்தான் வாங்கி நட வேண்டும், பனை நிழலில், இருபது கன்று. ஆக ஆணவம் இன்னும் கொஞ்சம் மிச்சம் இருக்கிறது.

கேள்வி கேட்டவர் நேரில் வந்து பார்க்கலாமா என்று கேட்டிருக்கிறார். தாராளமாக. பங்குனிக்கு முன் வாருங்கள், அதன்பின் சரளை மூலைப் பக்கம் யாரையும் விடுவதாக இல்லை. ஆட்காட்டி ஜோடி ஒன்று நான்கு நாளாக அங்கே நடந்துகொண்டிருக்கிறது. பழைய வேட்டியும் கடப்பாரையும் கொண்டுவாருங்கள். என்னுடையது பெரியவர் வீட்டில் இருக்கிறது.